ஓரகத்தியின் ஸ்கோர்

ஜூன் 9, திங்கள்

பிரஷர் நூத்தி அம்பதத் தாண்டிருச்சு. டாக்டரம்மா மாத்திரை எழுதிட்டு, "வீட்டுல கத்துவீங்களா?"ன்னு கேட்டாங்க. நான் வாயத் திறக்குறதுக்குள்ள என் வீட்டுக்காரர் "ஆமா"ன்னுட்டாரு. "கத்தாதீங்க, தோணுறத எழுதி வைங்க"ன்னு சொல்லி அனுப்பிட்டாங்க. எங்க கம்பெனி ஆடிட்டர் புது வருஷத்துக்குக் குடுத்த டைரி சும்மாதான் கிடந்துச்சு. இதுவரைக்கும் பால் கணக்கு மட்டும்தான் இருக்கு.

முதல் பக்கத்துல "அங்கயற்கண்ணி, கிரெடிட் அனலிஸ்ட், மதுரை"ன்னு எழுதினேன். மாமியார் எட்டிப் பாத்தாங்க.

"அப்படின்னா என்னத்தா வேலை?"

பதினஞ்சு வருஷமா அந்த வேலைக்குத்தான் தினம் டிபன்பாக்ஸத் தூக்கிட்டுப் போறேன். "பைனான்ஸ் கம்பெனியில கடன் கேட்டு வர்றவங்களுக்குக் குடுக்கலாமா வேணாமான்னு பாக்குற வேலை அத்தை."

"அப்ப குடுக்குறது நீ இல்லையா?"

"இல்ல. பாக்குறது மட்டும்."

"சும்மா பாக்குறதுக்கா சம்பளம்"னுட்டு டிவியப் போட்டுட்டாங்க. கத்தல. எழுதிட்டேன்.

ஜூன் 11, புதன்

ஆபீஸ்ல ஒரு பரோட்டாக் கடை ஃபைல். மாசம் நாலு லட்சம் வியாபாரம்னு எழுதியிருந்தான். மைதா வாங்கின பில்லக் கேட்டேன். அந்த மாவ வச்சு ரெண்டு லட்சத்துக்கு மேல பரோட்டா போடவே முடியாது. வியாபாரக் கணக்கப் பாதியா வெட்டினேன். மேனேஜர் சேவியர் சார் பாத்துட்டு, "உங்க கண்ணுல இருந்து ஒண்ணும் தப்பாதும்மா"ன்னாரு. அடுத்த மாசம் பதவி உயர்வுக்கு இண்டர்வியூ இருக்கு. கிரெடிட் மேனேஜர். இந்தத் தடவை எனக்குத்தான்னு எல்லாரும் பேசிக்கிறாங்க.

அந்த சந்தோஷத்தோட வீட்டுக்கு வந்தா வாசல்ல சுகந்தி ஸ்கூட்டி நிக்குது.

சுகந்தி என் ஓரகத்தி. கொழுந்தன் திருமாறன் பொண்டாட்டி. வில்லாபுரத்துல வீட்டு முன்ரூம்ல கல்யாண ஜாக்கெட்டுக்கு பாசியும் ஜரிகையும் வச்சுப் பூப் போடுற ஆரி வேலை செஞ்சு குடுக்குறா. அஞ்சு பொண்ணுங்கள வேலைக்கு வச்சிருக்கா. ஒரு ஜாக்கெட்டுக்கு எட்டாயிரம், பத்தாயிரம்னு வாங்குறா, துணி கல்யாண வீட்டுக்காரங்களோடது. முதல்ல கேட்டப்ப புளுகுறான்னுதான் நினைச்சேன்.

எனக்கும் ஒண்ணு தைச்சுக் கொண்டாந்திருந்தா. அளவு எடுக்கவே இல்ல. போட்டுப் பாத்தேன், இம்மி பிசகல. போன வருஷத்து அளவு இல்ல இது. நான் எவ்வளவு பெருத்திருக்கேன்னு பார்வையிலயே கணக்குப் போட்டிருக்கா. "ஜம்முனு இருக்கீங்கக்கா"ன்னு வேற சொன்னா.

"கே.கே. நகர்ல ஒரு கடை பாத்திருக்கேன்க்கா. கண்ணாடி, விளக்குன்னு உள்வேலைக்கும் மிஷினுக்கும் பேங்க்ல லோன் கேட்டிருக்கேன். பேப்பரெல்லாம் உங்க போனுக்கு அனுப்புறேன், சரியா இருக்கான்னு ஒரு பார்வை பாத்துருங்க."

"எங்க கம்பெனியிலயே போட்டிருக்கலாம்ல?"

"உங்க கம்பெனி வட்டி ஜாஸ்தியாமேக்கா."

வாஸ்தவம்தான். ஆனா அத இவ சொல்லணுமா.

அவ போனதுக்கப்புறம் அத்தை என் முன்னாலயே, "நம்ம குடும்பத்துல முதல் முதலாளி"ன்னு பெருமூச்சு விட்டாங்க. அத்தை இருக்குறது என் வீட்டுல. வீட்டுக் கடன் கட்டுறது என் சம்பளத்துல. சர்க்கரை மாத்திரை வாங்குறது நானு. முதலாளி அவ.

ஜூன் 15, ஞாயிறு

திருப்பரங்குன்றத்துல ஒரு காதுகுத்து. சுகந்தி தைச்ச ஜாக்கெட்டத்தான் போட்டுட்டுப் போனேன், வேற எதுவும் கையில ஏறல. நாலு பேர் என் முதுகப் பாக்க வந்தாங்க. ஒருத்தி திரும்பச் சொல்லி போட்டோ எடுத்தா. என் முகத்த எடுக்கல.

சாப்பாட்டுப் பந்தியில ஒரு அம்மா, "நீங்க சுகந்திக்கு என்ன வேணும்?"னு கேட்டாங்க. இந்தக் குடும்பத்துக்கு மூத்த மருமகளா வந்து இருபது வருஷம் ஆச்சு. அவ வந்து பன்னெண்டு வருஷம்தான். என்னை அவளுக்கு என்ன வேணும்னு கேக்குறாங்க.

பந்தி முடியுற வரைக்கும் அவ கடைப் பேச்சுதான். ஆடி பிறக்குறதுக்கு முன்னால பால் காய்ச்சிரணுமாம். ஆடியில யாரும் புதுசா எதுவும் தொடங்க மாட்டாங்க. கடைச் சொந்தக்காரரும் அதுலயே நிக்கிறாராம். ஆனிக்குள்ள வர்றதுன்னா வா, இல்லன்னா மொபைல் கடைக்காரன் ஒருத்தன் கேட்டுட்டே இருக்கான்னு சொல்லிட்டாராம். ஆவணி பூரா முகூர்த்தம். அந்த ஜாக்கெட்டெல்லாம் ஆடியிலதான் தைக்கக் குடுப்பாங்க. அதனால ஆனிக்குள்ள லோன் வந்தாகணும். "வந்துரும், அவ கைராசிக்காரி"ன்னு எல்லாரும் சொன்னாங்க.

எனக்குப் பொறாமையெல்லாம் கிடையாது. ஒரு கவலைதான். இத்தனை வருஷ சர்வீஸ்ல இப்படித் திடீர்னு மேல போன எத்தனை பேரோட ஃபைல நான் பாத்திருக்கேன். எங்கயாவது ஓட்டை இருக்கும்.

ஜூன் 16, திங்கள்

சுகந்தி அனுப்புன பேப்பரெல்லாம் போன்ல இருந்துச்சு. பான் நம்பரும் இருந்துச்சு. மத்தியானம் எல்லாரும் சாப்பிடப் போன நேரத்துல எங்க சிஸ்டத்துல போட்டு அவ சிபில் ரிப்போர்ட்ட எடுத்தேன். கடன் வாங்கினவன் ஒழுங்கா கட்டுறானான்னு பாத்துப் போடுற மார்க்குதான் அது. தொள்ளாயிரம் வரைக்கும் உண்டு.

எடுக்குறதுக்கு முன்னால வாடிக்கையாளர் சம்மதம் வாங்கியாச்சான்னு ஒரு கட்டம் வரும். டிக் பண்ணேன். பேப்பரப் பாருங்கன்னு அவதானே அனுப்பினா. அது சம்மதம்தானே.

ஒவ்வொரு தடவை பாக்குறப்பவும், கடனுக்காக இன்ன கம்பெனி விசாரிச்சதுன்னு அவங்க ரிப்போர்ட்ல ஒரு வரி விழும். மார்க்கும் கொஞ்சம் குறையும். குறைஞ்சா என்ன, செத்தா போயிருவா.

802.

வாங்குன கடன் எல்லாம் தேதி தப்பாம கட்டியிருக்கா. ஒரு நாள் தாமதம் கூட இல்ல.

ஜூன் 17, செவ்வாய்

மோட்டார் ஓடல. ஆளக் கூப்பிட்டா காயில் போயிருச்சுங்குறான். மூவாயிரம்.

என் மார்க்கப் பாத்தேன். 741. போன வருஷம் கிரெடிட் கார்டு பில்ல ஒரு தடவை மறந்துட்டேன்.

ஜூன் 20, வெள்ளி

அந்த 802 உறுத்திக்கிட்டே இருந்துச்சு. சில சமயம் வியாபாரக் கடன் தனியா விழும், முதல்ல எடுத்த ரிப்போர்ட்ல வராமப் போகலாம். அதனால இன்னிக்கு வியாபாரக் கடன் வழியா இன்னொரு தடவை எடுத்தேன். வேலைன்னா முழுசாப் பாக்கணும், அரைகுறையாப் பாக்கக் கூடாது.

ஒண்ணும் இல்ல.

சேவியர் சார் அந்தப் பக்கமா வந்தாரு. ஸ்கிரீன மாத்திட்டேன். ஏன் மாத்தினேன்னு தெரியல, நான் ஒண்ணும் திருடல.

ஜூலை 2, புதன்

சுகந்தி வந்தா. வழக்கமா வந்ததும் அடுப்படிக்குள்ள போய் எதையாவது எடுத்து வாயில போட்டுட்டுத்தான் பேச ஆரம்பிப்பா. இன்னிக்கு ஹால்லயே உக்காந்துட்டா.

லோன நிறுத்தி வச்சுட்டாங்களாம். பேங்க் மேனேஜர் கூப்பிட்டு, "நீங்க வேற ஒரு பைனான்ஸ்லயும் கடன் கேட்டிருக்கீங்க, அடுத்தடுத்து ரெண்டு தடவை விசாரிச்சிருக்காங்க, உங்க கைப் பணம்னு காட்டின நாலு லட்சம் அங்க வாங்குனதுதானா?"ன்னு கேட்டாராம்.

"நான் எங்கயும் கேக்கலக்கா. சத்தியமா கேக்கல."

அத்தை உடனே, "யாரு கண்ணு பட்டுச்சோ"ன்னு மிளகாயும் உப்பும் எடுத்துச் சுத்தினாங்க. சுத்திட்டு அடுப்புல போடச் சொல்லி என் கையில குடுத்தாங்க. போட்டேன். நெடியே வரல. கண்ணு பட்டிருந்தா நெடி வராதுன்னு அத்தை சொன்னாங்க.

ஜூலை 4, வெள்ளி

அவளே அவ ரிப்போர்ட்ட வாங்கிப் பாத்துட்டா. விசாரிச்சது எங்க கம்பெனின்னு போட்டிருக்கு.

சாயங்காலம் போன் பண்ணினா. "அக்கா, உங்க ஆபீஸ்ல யாரோ தப்பா என் நம்பரப் போட்டிருக்காங்க போல. கடன் எதுவும் குடுக்கல, சம்மதம் இல்லாமப் பாத்துட்டோம்னு உங்க கம்பெனியில ஒரு லெட்டர் குடுத்தாப் போதுமாம். நீங்க இருக்கீங்க, எனக்கு என்ன கவலை."

"கேட்டுச் சொல்றேன்"ன்னேன்.

அந்த லெட்டர வாங்கணும்னா யாரு பாத்ததுன்னு சிஸ்டத்துல தேடுவாங்க. என் ஐடி வரும். சம்மதம் இல்லாமப் பாத்தா வேலையே போகலாம். பத்தாம் தேதி இண்டர்வியூ.

ஜூலை 7, திங்கள்

சுகந்திகிட்ட மேனேஜர் லீவுன்னு சொல்லிட்டேன். லீவு இல்ல.

இட்லிக்கு ஊறப் போட்டதுல உளுந்து கம்மியாயிருச்சு. கல்லு மாதிரி வந்துச்சு. யாரும் ஒண்ணும் சொல்லல. பிரஷருக்குப் பயந்து சொல்லலன்னு நினைக்கிறேன்.

ஜூலை 10, வியாழன்

இண்டர்வியூ நல்லா போச்சு. சென்னையிலேர்ந்து வந்த அதிகாரி, "ஒரு வாடிக்கையாளர் மேல உங்களுக்குச் சொந்தமா விருப்பு வெறுப்பு இருந்தா என்ன செய்வீங்க?"ன்னு கேட்டாரு. "ஃபைல வேற ஆளுக்கு மாத்திக் குடுத்துருவேன் சார்"ன்னு டக்குனு சொன்னேன். தலையாட்டி எழுதிக்கிட்டாரு.

ஜூலை 12, சனி

போன மாசக் கடைசியில சாமான் வாங்கப் போகாம விட்டிருந்தேன். அத வாங்கிட்டு வர்ற வழியில சுகந்தி வீட்டுக்குப் போக வேண்டியதாப் போச்சு, அத்தை மோர் மிளகாய் குடுத்து விட்டிருந்தாங்க. முன்ரூம்ல மூணு பொண்ணுங்கதான் இருந்தாங்க.

"மத்த ரெண்டு பேர் எங்க?"

"வேற கடைக்குப் போயிட்டாளுங்கக்கா. புதுக் கடை வரும், சம்பளம் கூட்டித் தரேன்னு சொல்லி வச்சிருந்தேன். வரலைன்னதும் போயிட்டாளுங்க. ரெண்டு பேரும் நல்ல கைவேலைக்காரிங்க." நூலப் பல்லால கடிச்சு அறுத்தா. "உங்க மேனேஜர் வந்துட்டாரா?"

"இன்னும் இல்ல."

"சரி. பேங்க்காரர் சொன்னாரு, நானே உங்க கம்பெனிக்கு ஒரு மெயில் போட்டா எந்த ஆளு பாத்தான்னு சொல்லித்தான் ஆகணுமாம். போடலக்கா. யாரோ ஒருத்தர் வேலை போயிரும்ல, பாவம். அவங்களாவே சரி பண்ணிட்டா நல்லது. புதன்கிழமையோட ஆனி முடியுது."

என்னைப் பாத்துத்தான் சொன்னா. அவளுக்கு எதிர்ல நான்தானே உக்காந்திருந்தேன், வேற யாரப் பாத்துச் சொல்லுவா. அவளுக்கு ஒண்ணும் தெரியாது.

ஜூலை 14, திங்கள்

லிஸ்ட் வந்துருச்சு. கிரெடிட் மேனேஜர், எனக்குத்தான். பதினஞ்சு வருஷம்.

ஆபீஸ்ல எல்லாருக்கும் பால்கோவா வாங்கிக் குடுத்தேன். வீட்டுக்கும் கொண்டுவந்தேன். அத்தை ஒரு துண்டு எடுத்து வாயில போட்டுட்டு, "சந்தோஷம்த்தா"ன்னாங்க. அடுத்த வாய் வைக்காம, "சுகந்தி லோன்தான் இப்படி ஆகிப்போச்சு"ன்னாங்க.

என் வீட்டுக்காரரும், "உங்க ஆபீஸ்ல யாருன்னு தெரிஞ்சுச்சா? திருமாறன் சாப்பிடவே இல்லையாம்"னு கேட்டாரு.

ஒரே ஒரு நாள். எனக்குன்னு ஒரே ஒரு நாள் கூட விட மாட்டாளா அவ. லோன் வந்தாலும் அவ பேச்சு, வராட்டாலும் அவ பேச்சு. இப்ப எழுதுறேன். பொறாமைதான். வயித்தெரிச்சல்தான். அவ மார்க்க நான் பாத்தது அக்கறையில இல்ல. ஓட்டை இருக்கும்னு பாத்தேன். இருந்திருந்தா அன்னிக்கு ராத்திரி நிம்மதியாத் தூங்கியிருப்பேன். அந்த வரி விழுந்தா பேங்க்ல கேள்வி வரும்னு எனக்குத் தெரியாதா? நானே எத்தனை ஃபைல அந்த வரியப் பாத்து நிறுத்தி வச்சிருக்கேன்.

பால்கோவா மீதிய ஃபிரிட்ஜ்ல வச்சிருக்கேன். நெய் உறைஞ்சு கிடக்கு.

ஜூலை 15, செவ்வாய்

ஒண்ணும் செய்யல.

ஜூலை 16, புதன்

சேவியர் சார் ரூமுக்குப் போனேன். "ஒரு லெட்டர் வேணும் சார்"னு ஆரம்பிச்சேன். விஷயத்தக் கேட்டுட்டு, பான் நம்பரப் போட்டுத் தேடினாரு. ஸ்கிரீனப் பாத்தாரு. என்னைப் பாத்தாரு. எழுந்து போய்க் கதவச் சாத்திட்டு வந்தாரு.

"பாஸ்வேர்டு யார்கிட்டயாவது குடுத்து வச்சிருந்தீங்களா?"

வழி காட்டுறாருன்னு புரிஞ்சுச்சு. எங்க செக்‌ஷன்ல எல்லாரும் எல்லார் பாஸ்வேர்டையும் போடுவாங்க. ட்ரெய்னியா வந்திருந்த பொண்ணு ஒண்ணு ரெண்டு மாசம் என் பக்கத்துலதான் உக்காந்திருந்துச்சு. போன வாரம் வேலைய விட்டுட்டுப் போயிருச்சு. அது பேரச் சொன்னா முடிஞ்சு போச்சு. சொல்லத்தான் வாயத் திறந்தேன். அந்த நேரம் பார்த்து அது பேரு ஞாபகம் வரல. ரெண்டு மாசம் என் டிபன்பாக்ஸ்ல சாப்பிட்ட பொண்ணு.

"நான்தான் சார்"னுட்டேன்.

"ஏம்மா?"

"எங்க ஓரகத்தி சார்."

பேனாவ மூடி வச்சாரு. "எனக்கும் ஒரு சகலை இருக்காரும்மா. அவரு வீட்டுல லிஃப்ட் வச்சிருக்காரு. மூணு மாடிதான், அதுக்கு லிஃப்ட். நானும் நினைச்சிருக்கேன், எங்கேர்ந்து பணம் வருதுன்னு பாக்கலாமான்னு. நினைச்சதோட சரி, பட்டனத் தட்டல."

லெட்டர் டைப் பண்ணினாங்க. "எங்கள் ஊழியர் ஒருவர் தங்கள் கடன் அறிக்கையைத் தங்கள் சம்மதமின்றிப் பார்த்துவிட்டார், கடன் எதுவும் வழங்கப்படவில்லை." பேர் போடல. சாயங்காலம் ஆறு மணிக்குத்தான் சென்னையிலேர்ந்து கையெழுத்து வந்துச்சு. பேங்க் மூடியாச்சு. ஆனியும் முடிஞ்சுச்சு.

ஐடியும் பாஸ்வேர்டும் அப்பவே பறிச்சுட்டாங்க. கிரெடிட் மேனேஜர் பதவி போச்சு. வேலையில வைக்கிறதா வேணாமான்னு அப்புறம் சொல்லுவாங்களாம்.

ஜூலை 17, வியாழன். ஆடி ஒண்ணு

லெட்டர எடுத்துட்டு சுகந்தி வீட்டுக்குப் போனேன். நின்னுக்கிட்டே படிச்சா. மடிச்சு தையல் மிஷின் மேல வச்சா. பொண்ணுங்கள "வெளிய போய் டீ குடிச்சுட்டு வாங்கடி"ன்னு அனுப்பினா.

"எப்பத் தெரியும்?"னு நானே கேட்டேன்.

"கம்பெனி பேரப் பாத்த அன்னிக்கே. அந்தக் கம்பெனியில என்னைத் தெரிஞ்ச ஆளு வேற யாருக்கா இருக்கா?"

"அப்புறம் ஏன் கேக்கல?"

"நீங்களாச் சொல்லுவீங்கன்னு இருந்தேன். நேத்து வரைக்கும் இருந்தேன்." நாற்காலிய இழுத்துப் போட்டு உக்காந்தா. என்னை உக்காரச் சொல்லல. "முதல் தடவை பாத்தது சரி, மனுஷங்கதான். ரெண்டாவது தடவை எதுக்குப் பாத்தீங்க?"

மிஷின் மேல இருந்த லெட்டர நேரா நகத்தி வச்சேன்.

"முதல் தடவை பாத்தப்ப நம்ப முடியல."

"எவ்வளவு இருந்துச்சு?"

"எண்ணூத்தி ரெண்டு."

"இப்ப எழுநூத்தித் தொண்ணூறுக்குக் கீழ வந்துருச்சு. உங்களோடது எவ்வளவு?"

சொன்னேன். அவ சிரிக்கல. சிரிச்சிருந்தாக் கூடத் தேவலாம். "கார்டு பில்ல ஒழுங்காக் கட்டுங்கக்கா. அதுக்குத்தான் குறையும்னு பேங்க்காரர் சொன்னாரு"ன்னா.

படியிறங்குறப்ப பின்னாலேர்ந்து குரல் வந்துச்சு. "வீட்டுல யார்கிட்டயும் சொல்ல மாட்டேன். கோவம் இல்லன்னு மட்டும் நினைச்சுக்காதீங்க."

எந்த நேரத்துல போனாலும் காபி குடிக்காம விட மாட்டா. இன்னிக்குத் தண்ணி வேணுமான்னு கூடக் கேக்கல.

ஜூலை 22, செவ்வாய்

லோன் வந்துருச்சாம்.

கடைச் சொந்தக்காரர் ஆடியில சாவி தர மாட்டேன்னாராம். மொபைல் கடைக்காரனும் ஆடியில வர மாட்டேன்னு ஓடிட்டானாம். சுகந்தி போய், "ஆடி முழுக்கப் பூட்டி வச்சுருப்பீங்க, ஒரு காசு வராது. பாதி வாடகை தர்றேன், இப்பவே குடுங்க. ஆவணியிலேர்ந்து முழு வாடகை"ன்னு பேசியிருக்கா. அவரு குடுத்துட்டாரு. ஜவுளிக்கடையில ஆடித் தள்ளுபடி வாங்குவாங்க, கடைக்கே தள்ளுபடி வாங்கினவ இவ ஒருத்திதான்.

அவளக் கெடுத்ததே நான்தான். அதுலயும் லாபம் பாத்துட்டா. எப்படித்தான் அமையுதோ இவளுக்கு மட்டும்.

ஆனா அத்தை கொந்தளிச்சுட்டாங்க. "ஆடியில கடை திறக்குறாளாம், குடும்பம் விளங்குமா? நான் அந்த வாசப்படி மிதிக்க மாட்டேன்"ன்னு சொல்லிட்டாங்க. சொந்தக்காரங்க ஒவ்வொருத்தருக்கா போன் போட்டுச் சொன்னாங்க. அவங்களும் ஆமா ஆமான்னாங்க. கைராசிக்காரின்னு சொன்ன அதே ஆளுங்க.

"அவ என்ன செய்வா அத்தை, லோன் லேட்டாயிருச்சு"ன்னு நான் சொன்னேன்.

"நீ எப்பருந்து அவளுக்கு வக்கீலானே?"

ஜூலை 25, வெள்ளி

ஆடி வெள்ளின்னு இன்னிக்கு நாள் குறிச்சிருந்தா. ஊரே மாரியம்மன் கோயில்ல கூழ் குடிக்கிற நாள்ல எந்த ஆத்தா கெடுக்கப் போறான்னு கொழுந்தன்கிட்டச் சொன்னாளாம்.

அம்பது பேருக்கு டிபன் சொல்லியிருந்தாங்க. வந்தது பதினஞ்சு பேர் இருக்கும், அதுல பாதி பக்கத்துக் கடைக்காரங்க. நானும் என் வீட்டுக்காரரும் போனோம். கண்ணாடி, விளக்கு, பொம்மைக்கு மாட்டின ஜாக்கெட்டுன்னு கடை பளபளன்னு இருந்துச்சு. மூலையில ரெண்டு புது ஆரிக் கட்டை, துணி கூட மாட்டாம சும்மா கிடந்துச்சு. உக்கார ஆள் இல்ல.

செங்கல் அடுக்கி, புதுப் பானையில பால ஊத்தி வச்சிருந்தாங்க. கொழுந்தன், "மதினி, அம்மா வரல. நீங்கதான் மூத்தவங்க, பத்த வைங்க"ன்னாரு. நான் நகரல. சுகந்தி தீப்பெட்டிய எடுத்துட்டு வந்து என் கையில வச்சு அழுத்தினா. எனக்கு மட்டும் கேக்குற மாதிரி சொன்னா.

"பத்த வைங்கக்கா. ஆடிக்குத் தள்ளி வச்சது நீங்கதானே."

மூணு குச்சி வீணாப் போச்சு. "மதினிக்கு ஏசி காத்து அடிக்குது, ஆஃப் பண்ணுங்க"ன்னு கொழுந்தன் சொன்னாரு. நாலாவது குச்சி பிடிச்சுச்சு. பால் பொங்கினப்ப எல்லாரும் குலவை போட்டாங்க. அவ என்னைப் பாக்கல, பாலத்தான் பாத்துக்கிட்டு இருந்தா. கண்ணெல்லாம் கலங்கிருச்சு அவளுக்கு. புகைதான்னு யாரோ சொன்னாங்க.

கிளம்புறப்ப டிபன் பொட்டலம் குடுத்தா. வாங்கிக்கிட்டேன்.

ஜூலை 29, செவ்வாய்

ஆபீஸ்ல முடிவு சொல்லிட்டாங்க. வேலை இருக்கு. ரெண்டு வருஷத்துக்குச் சம்பள உயர்வு கிடையாது. அடமானப் பத்திரம் வைக்கிற அறையில உக்காரணும். அங்க கம்ப்யூட்டரே இல்ல. வீட்டுல வேற செக்‌ஷனுக்கு மாத்திட்டாங்கன்னு மட்டும் சொன்னேன். "பிரமோஷன்ல இப்படியும் உண்டா?"ன்னு என் வீட்டுக்காரர் கேட்டாரு. "உண்டு"ன்னேன். பேப்பர எடுத்துக்கிட்டாரு.

ஜூலை 31, வியாழன்

ஆறு நாளா சுகந்தி கடையப் பத்தி வீட்டுல பேச்சே இல்ல. அத்தை அந்தப் பேரையே எடுக்கல. இத்தனை வருஷமா இதுக்குத்தானே ஆசைப்பட்டேன். இப்ப யாராவது பேச மாட்டாங்களான்னு இருக்கு.

அவ கடை படுத்துட்டா, ஆடியில திறந்தா இப்படித்தான்னு ஊரே சொல்லும். எல்லாரும் ஆடியத்தான் வைவாங்க. என்னை ஒருத்தரும் வைய மாட்டாங்க. அவ ஒருத்தி மட்டும் என்னைப் பாப்பா, காலத்துக்கும்.

சாயங்காலம் பொறுக்க முடியாம நானே கொழுந்தனுக்குப் போன் பண்ணினேன். இதுவரைக்கும் பதினொரு ஜாக்கெட் ஆர்டராம். கேட்டதும் சுருக்குனு இருந்துச்சு. பொய் சொல்லல, ஆறு நாள்ல பதினொண்ணுன்னதும் சுருக்குனுதான் இருந்துச்சு. போன வச்சுட்டுக் கணக்குப் போட்டேன். பாதி வாடகை, மூணு பொண்ணுங்க சம்பளம், கரண்ட், லோன் தவணை. ஆவணி வந்தா முழு வாடகை. திறந்த புதுசுல வர்ற இந்தப் பதினொண்ணு பத்தாது. மாசாமாசம் முப்பதாவது வரணும்.

சாமி படத்துக்கு முன்னால போய் நின்னேன். அவளுக்காக வேண்டிக்கிட்டுப் பழக்கம் இல்ல, எப்படிக் கேக்குறதுன்னே தெரியல. முப்பது ஜாக்கெட்டுன்னு கேட்டுட்டு வந்து உலை வச்சேன்.